ஏணி மேல் ஒரு தீவுக் குயில்

என் வாழ்க்கையில் நான் ஒரே ஒரு தடவைதான் மேடை ஏறியிருக்கிறேன். அன்றைக்கு எனக்கு வால் இருந்தது. (சரியாகச் சொன்னால் அரை வால். மற்றப் பாதிக்கு என்ன ஆனது என்பதைப் போகப் போகச் சொல்கிறேன்.)

மேடையில் தடுமாறியவர்கள் உலகத்தில் ஏராளம். ஆனால் கறுப்புக் குப்பைப் பையை உடுத்து, தரை தேய்க்கும் பிரஷ்ஷின் சிவப்பு நாரைப் புருவத்தில் ஒட்டி, ஏணியின் உச்சியில் உட்கார்ந்துகொண்டு, புருசனின் அக்கா முன்வரிசையில் இருக்கத் தன் குடும்ப ரகசியத்தை ஊருக்குச் சொன்னவள் நான் ஒருத்திதான் என்று நினைக்கிறேன். வேறு யாராவது இருந்தால் சந்திக்க ஆசை. நிறையக் கதைக்கலாம்.

தொண்ணூறுகளில் நான் கனடாவில் ஸ்காபரோவுக்குக் கலியாணப் பெண்ணாக வந்து இறங்கினேன். என் கணவர் ரவி அவருடைய அக்கா வீட்டில் இருந்தார். ஆகவே நானும் அங்கேயே இருந்தேன். அது ஓர் உயரமான அபார்ட்மென்ற் கட்டடம். இரண்டு அறைகளில் ஒன்று அந்த அக்காவான மங்கை மச்சாளுக்கும் அவருடைய கணவரான அத்தானுக்கும், மற்றது அவர்களுடைய பிள்ளைகளுக்கு. எங்களுக்கு ஹோல். ஹோலின் குறுக்கே ஒரு பூப்போட்ட திரைச்சீலை. திரைக்கு இந்தப் பக்கம் எங்கள் இல்லறம். அந்தப் பக்கம் ரிவி. செய்தி வாசிப்பவர் தும்மினால் நாங்கள் விழித்துக்கொள்வோம்.

மச்சாள் தங்கமான மனுசி. அவரிடம் இருந்த ஒரே பிரச்சினை, எனக்காக அவரே கதைத்துவிடுவதுதான். கடையில், பாங்கில், டொக்டரிடம், எங்கே போனாலும் ஆரும் என்னைப் பார்த்து ஆங்கிலத்தில் வாய் திறந்தால் மச்சாளிடமிருந்து பதில் வரும். ஒருமுறை பல்லுவலி என்று போனேன். எந்தப் பல் என்று டொக்டர் என்னைத்தான் கேட்டார். "லெஃப்ற் சைட்" என்றார் மச்சாள். நான் வலது பக்கக் கன்னத்தைப் பிடித்துக்கொண்டிருந்தேன். டொக்டர் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு மச்சாளை நம்பினார். பாவம், என் இடது பக்கத்துப் பற்களை ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்து, எல்லாம் அருமையாக இருக்கின்றன என்று பாராட்டினார்.

ஆங்கில வகுப்புக்கும் போனேன். புதிதாக வந்தவர்களுக்கான இலவச வகுப்பு. ஒரு வருசமாக ஜன்னலோரம் இருந்து சிரித்தேன். "யெஸ்", "நோ", "தாங்க்யூ", குளிர்காலத்தில் கூடுதலாக "வெரி கோல்ட்". இவ்வளவுதான் என் சரக்கு. ரீச்சர் வெள்ளைத் தலைமுடியும் பெரிய மனமும் உள்ள பெண்மணி. நான் ஆழமான சிந்தனையாளர் என்று அவர் நினைத்திருந்தார்.

இதற்குள் எனக்கும் ரவிக்கும் ஓர் ஆசை முளைத்திருந்தது. அதே கட்டடத்தில் ஒற்றை அறை வீடு ஒன்று காலியாகப் போகிறது என்று ரவிக்குத் தகவல் வந்தது. எடுத்துவிடலாம். ஆனால் அக்காவிடம் யார் சொல்வது?

"அக்கா என்னை வளர்த்தவ. கனடாவுக்குக் கூப்பிட்டதும் அவதான். தனிய போறம் எண்டு எந்த வாயாலை சொல்லுறது?" என்றார் ரவி.

"உங்களிட்டை ஒரு வாய்தானே இருக்கு. அதாலை சொல்லுங்கோ."

"நீர் சொல்லும்."

"நானோ? நான் தமிழிலையே கதைக்கிறேல்லை எண்டு மச்சாள் சொல்லுறா."

ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் ரவி தொண்டையைச் செருமிக்கொண்டு "அக்கா..." என்று ஆரம்பிப்பார். "என்னடா, பசிக்குதோ?" என்று மச்சாள் புட்டை அள்ளி வைப்பார். ரவி சாப்பிடுவார். அந்தக் குளிர்காலத்தில் ரவிக்கு நல்ல தொந்தி வைத்தது.

அப்போதுதான் வகுப்பில் ஒரு விழா வந்தது. மூன்று மூன்று பேராகச் சேர்ந்து, உலகத்தில் தங்கள் ஊரில் மட்டும் இருக்கும் ஒன்றைப் பற்றி மேடையில் சொல்ல வேண்டும். குடும்பத்தினர் எல்லோரையும் அழைக்கலாம். எங்கள் குழுவில் லோர்னா, ஸ்டெஃபான், நான். லோர்னா பிலிப்பைன்ஸ்காரி, எங்கள் கட்டடத்தில் எங்களுக்குக் கீழ்மாடியில் இருந்தாள். வாய் ஓயாதவள். ஸ்டெஃபான் போலந்துக்காரர். கதவை நிறைக்கிற உருவம், ஆனால் குரல் எலிக்குஞ்சுக் குரல்.

"என் ஊர்க் குயில்!" என்று லோர்னா முடிவு செய்தாள். நாங்கள் இருவரும் மறுக்கவில்லை. மறுப்பதற்கும் ஆங்கிலம் வேண்டுமே.

அவளுடைய ஊர் லூசோன் தீவில், காட்டோரம். அந்தத் தீவிலும் பக்கத்தில் உள்ள சில சின்னத் தீவுகளிலும் மட்டும்தான் அந்தக் குயில் இருக்கிறதாம். வேறெங்கும் இல்லை. பச்சை மினுங்கும் கறுப்பு உடம்பு, நுனியில் வெள்ளை வைத்த நீண்ட வால், கொத்தித் தின்ன மஞ்சள் சாயலில் சொண்டு. கண்ணுக்கு மேலே மயிர் போலச் சிலிர்த்து நிற்கும் செக்கச் சிவந்த புருவம். அது அதிகம் பறக்காது, கொடிகளுக்குள் தாவித் தாவித் திரியும் என்று சொல்லி, லோர்னா தன் சோபாவின் மேல் தாவிக் காட்டினாள். சோபாவின் ஒரு கால் அன்றோடு போயிற்று.

நான் கைகளால் ஒரு கேள்வி கேட்டேன். ஒரு கூடு காட்டினேன். காகம் போலக் கரைந்தேன். குயில் களவாக வந்து முட்டையிட்டுவிட்டுப் போவதை நடித்தேன். (இதை நடிப்பதற்கு நான் பட்ட பாட்டை விவரிக்காமல் விடுகிறேன்.) லோர்னா புரிந்துகொண்டாள்.

"நோ, நோ! திஸ் குக்கூ, ஓன் நெஸ்ற். ஓன்!"

சொந்தக் கூடு! தானே கூடு கட்டி, தானே அடைகாத்து, தன் குஞ்சைத் தானே வளர்க்கும் குயில்! எங்கள் ஊரில் குயில் என்றால் காகத்தின் வீட்டில் ஓசியில் இருக்கும் சாதி. எனக்கு மயிர் கூச்செறிந்தது. "ஓன்" என்ற சொல்லை அன்றைக்கு முழுவதும் வாய்க்குள் போட்டுச் சப்பிக்கொண்டு திரிந்தேன்.

வேலை பிரிக்கப்பட்டது. லோர்னா பேசுவாள். ஸ்டெஃபான் மரம். ஓர் ஏணியில் மண்ணிறக் கடதாசி சுற்றி, அதைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்க வேண்டும். நான் குயில். ஏணியில் ஏறி உட்கார்ந்து, லோர்னா சொல்லும்போது தலையைத் திருப்ப வேண்டும். ஒரு சொல்லும் தேவையில்லை. எனக்கென்றே செய்த பாத்திரம்.

உடுப்பை லோர்னாவே தைத்தாள். குப்பைப் பையால் உடம்பும் சிறகும். கோட் கொழுவும் கம்பிகளை நிமிர்த்தி வால். சவர்க்காரப் போத்தலை வெட்டிச் சொண்டு. புருவத்துக்குச் சிவப்புப் பிரஷ் நார். (புதுப் பிரஷ். சத்தியமாகப் புதிது.)

விழா ஒரு சனிக்கிழமை பின்னேரம். மச்சாள் குடும்பம் கோயிலுக்குப் போய்விட்டு நேரே மண்டபத்துக்கு வருவதாக ஏற்பாடு. லோர்னாவின் வீட்டில் வைத்து அவள் என்னைக் குயிலாக்கினாள். மண்டபத்தில் உடுப்பு மாற்ற இடமில்லை என்று ரீச்சர் முன்பே சொல்லியிருந்தார். லோர்னா கையால் "திரும்பு" என்றாள், திரும்பினேன். "குனி" என்றாள், குனிந்தேன். எல்லாம் சைகைதான். நான் எப்போதும் சைகையில் கதைக்கிறவள் என்பதால், வாயாடி லோர்னா அன்று ஒரு சொல்லும் பேசவில்லை என்பதை நான் கவனிக்கவே இல்லை.

கீழே போனால் ரவியின் கார் குளிரில் செத்துக் கிடந்தது. "நீங்கள் இரண்டு பேரும் பஸ்ஸிலை போங்கோ. நான் ஆரையும் பிடிச்சு இதைக் கிளப்பிக்கொண்டு வாறன்" என்றார். சிறகுக்கு மேல் என் ஜாக்கெற் ஏறவில்லை. ரவியின் பெரிய ஜாக்கெற்றை வாங்கிப் போர்த்துக்கொண்டேன். பின்பக்கத்தால் வால் நீட்டிக்கொண்டு நின்றது. பனிக்காற்றுக்கு வால் ஒரு பக்கம் போக, நான் மறுபக்கம் போனேன்.

பஸ்ஸில் லோர்னாவுக்குப் பின்னால் நான் ஏறினேன். வால் முழுவதும் ஏறுவதற்குள் கதவு மூடிவிட்டது.

நான் முன்னால் போக முயன்றேன். கதவு விடவில்லை. "ஸ்ரொப்" என்ற சொல் எனக்குத் தெரியும், ஆனால் அந்த நேரம் வரவில்லை. அதற்குப் பதிலாக "தாங்க்யூ! தாங்க்யூ!" என்று கத்தினேன். சாரதி திரும்பிப் பார்த்து, கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடி பார்த்தார். கதவைத் திறந்தார். வாலின் பாதி வெளியே பனியில் விழுந்தது. அந்த மனுசர் இறங்கிப் போய் எடுத்து, உதறி, இரண்டு கையாலும் ஏந்தி வந்து, "மேடம், யுவர் ரெயில்" என்று மிக மரியாதையாக என் வாலைத் தந்தார். முழு பஸ்ஸும் கைதட்டியது.

நான் உட்கார முடியாமல் நின்றேன். முன் இருக்கையில் ஒரு தமிழ் அன்ரி. என்னை மேலும் கீழும் பார்த்தார். நெற்றியில் பொட்டு இருப்பதைக் கண்டதும் முகம் மலர்ந்தது.

"பிள்ளை, ஏதும் நேத்திக்கடனோ?"

"இல்லை அன்ரி."

"முருகன்ரை மயிலாக்கும்."

"இல்லை அன்ரி. குயில்."

"குயிலோ? குயிலுக்கு ஏன் உந்தப் பெரிய வால்?"

"இது தீவுக் குயில் அன்ரி."

"ஓ, தீவாரோ!" என்றார் அன்ரி, எங்கள் ஊர்ப் பக்கத்துத் தீவுகளில் ஒன்று என்று எல்லாம் விளங்கிவிட்டது போல. "எந்தத் தீவு? புங்குடுதீவோ?"

நான் தோற்றுப்போய் ஓம் என்று தலையாட்டினேன். அன்ரி இறங்கும்போது என் சிறகைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு இறங்கினார்.

மண்டபத்துக்குப் போய்ச் சேர்ந்த பிறகுதான் இடி விழுந்தது. ரீச்சர் லோர்னாவிடம் ஏதோ கேட்டார். லோர்னா வாயைத் திறந்தாள். காற்று மட்டும் வந்தது. தொண்டையைத் தொட்டுக் காட்டிக் கையை விரித்தாள். குரல் போய்விட்டது! ரீச்சர் ஸ்டெஃபானைப் பார்த்தார். ஸ்டெஃபான் ஏற்கனவே மரமாகிவிட்டிருந்தார். கண்களைக்கூட மூடிக்கொண்டார். ரீச்சர் என் பக்கம் திரும்பினார்.

"நோ" என்றேன்.

"அருமை! ஆரம்பித்தே விட்டாய்" என்று ஆங்கிலத்தில் சொல்லி, என்னை மேடைக்குத் தள்ளினார்.

ஏணியில் ஏறி உட்கார்ந்தேன். மீந்திருந்த அரை வால் ஏணிக் கம்பிக்குள் மாட்டிக்கொண்டது. கீழே நாற்காலிகள் நிறையச் சனம். முன்வரிசையில் பட்டுச் சேலையும் திருநீறுமாக மங்கை மச்சாள். பக்கத்தில் அத்தான், பிள்ளைகள். கதவடியில் அப்போதுதான் மூச்சிரைக்க வந்து நின்ற ரவி. பிரஷ் நார் கண்ணுக்குள் குத்தியது. ஒரு வருசமாகப் படித்த ஆங்கிலம் முழுவதும், சொல்லாமல் கொள்ளாமல், பின்கதவால் வெளியேறிப் போவதை நான் உணர்ந்தேன்.

சனம் பொறுமையாகப் பார்த்தது. யாரோ இருமினார்கள். அப்போது முன்வரிசையில் சேலை சரசரத்தது. மச்சாள் எழுந்து நின்றார்.

"ஷீ நோ ஸ்பீக். ஐ ரெல்" என்று மண்டபத்துக்கு அறிவித்துவிட்டு, என்னைப் பார்த்துத் தமிழில், "நீர் பயப்பிடாதையும். நான் வந்து சொல்லுறன்" என்றார். சொல்லிக்கொண்டே மேடையை நோக்கி நடக்கத் தொடங்கினார். அந்தக் குயிலைப் பற்றி மச்சாளுக்கு எதுவுமே தெரியாது. அது அவருக்கு ஒரு தடையாகத் தோன்றவில்லை.

எனக்கு எங்கிருந்து அந்த ரோசம் வந்தது என்று இன்றுவரை தெரியாது. பல்லு ஞாபகம் வந்திருக்கலாம்.

"திஸ் குக்கூ!" என்று கத்தினேன். மச்சாள் நடுவழியில் நின்றார். மண்டபம் நிமிர்ந்தது. ஸ்டெஃபான் கண்ணைத் திறந்தார்.

"திஸ் குக்கூ, ஒன்லி லோர்னா ஐலண்ட். ஸ்மோல் ஸ்மோல் அதர் ஐலண்ட். கனடா, நோ. ஸ்ரீலங்கா, நோ. மை ஊர் குக்கூ..." இங்கே சொல் தட்டுப்பட்டது. காகம் போலக் கரைந்தேன். "குரோ! குரோ!" என்று சனம் சிரித்தது. அந்தச் சிரிப்பு எனக்கு இனித்தது. "மை ஊர் குக்கூ, பேபி, குரோ ஹவுஸ்! திஸ் குக்கூ, நோ! திஸ் குக்கூ, ஓன் ஹவுஸ்! ஓன்!"

கைதட்டல். லோர்னா திரைக்குப் பின்னால் சத்தமில்லாமல் குதித்தாள். நான் அத்தோடு இறங்கியிருக்க வேண்டும். ஆனால் ரீச்சர் சந்தோசம் தாங்காமல், குயிலின் காட்டைப் பற்றியும் நான் சொல்லட்டும் என்று ஒரு கேள்வி போட்டார். வகுப்பில் முதல் நாளிலிருந்து நாங்கள் பாடமாக்கிய கேள்வி அது.

"வெயர் டூ யூ லிவ்?"

அந்தக் கேள்விக்குப் பதில் தூக்கத்திலும் வரும். குயிலைக் கேட்கிறார் என்பது எனக்கு உறைக்கவில்லை. என்னைத்தான் கேட்கிறார் என்று நினைத்து, நிமிர்ந்து உட்கார்ந்து, தெளிவாகச் சொன்னேன்.

"ஐ லிவ் சிஸ்ரர்-இன்-லோ ஹவுஸ். லிவிங் ரூம். கேர்ட்டின். மை ஹஸ்பண்ட் அண்ட் மீ, வீ வோண்ட் ஓன் ஹவுஸ். ஹஸ்பண்ட் வெரி பயம்!"

மண்டபம் வெடித்தது. கதவடியில் நின்ற ரவி மெல்ல மெல்லச் சறுக்கி, கோட் கொழுவியிருந்த கம்பிகளுக்குப் பின்னால் மறைந்தார். மச்சாள் நின்ற இடத்திலேயே நின்றார். அவருடைய முகத்தைப் பார்த்த பிறகுதான் நான் என்ன சொன்னேன் என்பது எனக்கு விளங்கியது. பதறி எழுந்தேன். வால் ஏணியை விடவில்லை. ஏணியும் நானும் வாலுமாகச் சரிந்தோம்.

மரம் என்னைப் பிடித்தது. ஸ்டெஃபான் ஒரு கையால் ஏணியையும் மறு கையால் என்னையும் ஏந்தியபடி, எலிக்குஞ்சுக் குரலில், "பிராவோ" என்றார். சனம் எழுந்து நின்று கைதட்டியது. எல்லாம் ஒத்திகை பார்த்துச் செய்தது என்றே கடைசிவரை நினைத்தார்கள்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. மேடையின் பக்கவாட்டில் ஒரு நாற்காலியில் இருந்து, சொண்டு ஒரு பக்கம் தொங்க அழுதேன். ஒரு வருசச் சோறு போட்டவரை ஊர் முன்னால் அவமானப்படுத்திவிட்டேன். இன்றிரவே எங்களை வெளியே போகச் சொன்னாலும் நியாயம்தான்.

பட்டுச் சேலை வந்து எனக்கு முன்னால் நின்றது.

"வசந்தி."

"மச்சாள், நான் தெரியாமல்..."

"எனக்கு ஒண்டு சொல்லும். வீட்டிலை நானும் நீரும் கதைக்கிறது என்ன பாஷை?"

"தமிழ்."

"பிறகேன் பிள்ளை? எனக்கு ஒரு விசயம் சொல்லுறதுக்கு நீர் இங்கிலீஷ் படிச்சு, குயிலாகி, ஏணியிலை ஏறவேணுமோ?"

மச்சாளின் உதடு துடித்தது. கோபம் என்று நினைத்தேன். சிரிப்பு. அவர் வாயைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டு, பக்கத்து நாற்காலியில் தொப்பென்று இருந்து, தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார்.

"'வெரி பயமாம்'! எடேய் ரவி, எங்கையடா ஒளிச்சிருக்கிறாய்?"

ரவி கோட்டுகளுக்கிடையிலிருந்து வெளியே வந்தார். அவருக்குப் பின்னால் அத்தான். அத்தான் அதிகம் பேசாத மனிதர். அன்று அவருக்குள்ளும் ஏதோ திறந்துகொண்டது.

"தம்பி, நான் இதைச் சொல்லக்கூடாது. என்ரை சோபாவிலை நான் காலை நீட்டிப் படுத்து ஒரு வருசமாகுது. நான் ஒருநாளும் வாய் திறக்கேல்லை. உன்ரை அக்கா விடமாட்டா."

"நான் எப்பிடியப்பா அதுகளைப் போகச் சொல்லுறது?" என்றார் மச்சாள். "சொன்னால் துரத்துறன் எண்டு நினைக்காதுகளே?"

நாங்கள் நான்கு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். ஒரு திரைச்சீலையின் இரண்டு பக்கமும் இருந்துகொண்டு, ஒருவர் மனம் நோகக்கூடாது என்று மற்றவர் ஒரு குளிர்காலம் முழுவதும் நெளிந்திருக்கிறோம்! அத்தான்தான் முதலில் சிரித்தார். மச்சாளின் சின்னவள் அபி வந்து என் சிவப்புப் புருவத்தைப் பிடுங்கித் தன் நெற்றியில் ஒட்டிக்கொண்டாள்.

திங்கட்கிழமை காலையிலேயே நானும் மச்சாளும் கட்டடத்துப் பொறுப்பாளரிடம் போனோம். அவர் மச்சாளைப் பார்த்து, யாருக்கு வீடு என்று கேட்டார். மச்சாள் வாயைத் திறந்தார். என்னைப் பார்த்தார். பிறகு தன் கையாலேயே தன் வாயைப் பொத்திக்கொண்டார். அது அவர் வாழ்க்கையில் செய்த மிகப் பெரிய தியாகம் என்று நான் நினைக்கிறேன்.

"மீ" என்றேன். "மை ஓன் ஹவுஸ்."

அந்த ஒற்றை அறை வீட்டில் நானும் ரவியும் குடிபோன அன்று, குரல் திரும்பியிருந்த லோர்னா முதல் விருந்தாளியாக வந்து பொழுதுபடும் வரை பேசினாள். நான் பதில் சொன்னேன். பிழை பிழையாக, வாய் நிறைய, நிறுத்தாமல். அதன் பிறகு நான் வாயை மூடியதாக எங்கள் வீட்டில் ஒருவரும் சாட்சி சொல்ல மாட்டார்கள். சில வருசங்களில் ஒரு கிளினிக்கில் வரவேற்பு மேசையில் வேலை கிடைத்தது. நாள் முழுவதும் கதைப்பதற்குச் சம்பளம்! இன்றைக்கும் அங்கேதான்.

எங்கள் குடும்பத்தில் ஆராவது ஒன்றைச் சொல்ல முடியாமல் விழுங்கினால், "என்ன, ஏணி வேணுமோ?" என்று கேட்பது அன்றிலிருந்து வழக்கமாகிவிட்டது. வேலை போனதை மறைத்தவர், பரீட்சையில் கோட்டை விட்டவர், காரைச் சுவரில் தேய்த்தவர் எல்லோரும் இந்தக் கேள்விக்குப் பிறகு உண்மையைக் கக்கியிருக்கிறார்கள்.

போன வருசம் மச்சாளின் இப்போதைய அஜக்ஸ் நகர வீட்டில் எல்லோரும் கூடியிருந்தோம். அபி இப்போது பெரிய வேலையில் இருக்கும் பெண். குசினிக்குள் வந்து தண்ணீர் குடித்தாள். போனாள். திரும்பி வந்து மறுபடி தண்ணீர் குடித்தாள்.

மச்சாள் வெங்காயம் வெட்டுவதை நிறுத்தவில்லை. "என்ன பிள்ளை, ஏணி வேணுமோ?"

அபி சிரித்துவிட்டாள். "ஓகே. அம்மா, ஐ மெற் சம்வன். அவர் தமிழ் இல்லை. போர்த்துக்கீஸ்."

கத்தி நின்றது. மச்சாள் கையைக் கழுவினார். துடைத்தார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மகளை நன்றாகப் பார்த்தார்.

"பெடியன்ரை தாய் தகப்பன் எங்கை இருக்கினம்? ரெலிஃபோன் நம்பரைத் தா. நான் கதைக்கிறன்."

"அம்மா, நோ! அவையளுக்கு இங்கிலீஷ் வடிவாய் வராது!"

"அதுக்கென்ன?" என்றார் மச்சாள். "எனக்கு மட்டும் வருமோ?"